ஏழாவது ஊசியை எழுதிய கோகிலவாணி

தாழம்பாறை,
கல்வராயன் மலை.
13-6-2025

அன்புள்ள அண்ணிக்கு,

பாப்பா எழுதுறேன். அட்டை கடிச்ச காலைத் தவிர மத்ததெல்லாம் நல்லா இருக்கு. அண்ணன், பாரதி எப்படி இருக்காங்க? அம்மாவோட முட்டிவலி குறைஞ்சுதா? இங்க டவர் மறுபடியும் போச்சு. டவர் இருந்தாலும் போன்ல நீங்க "ம், சரி"ன்னு மட்டும்தான் பேசுவீங்க. லெட்டர்லதான் உங்க குரலே எனக்குக் கேக்குது.

ஒரு தமாஷ் சொல்றேன். செவ்வாய்க்கிழமை மீட்டிங்குக்குக் கள்ளக்குறிச்சி போயிருந்தேன். முடிஞ்சதும் நூலகத்துக்குப் போனேன். நான் எழுதின 'மலைப் பிரசவங்கள்' அலமாரியில எப்படி நிக்குதுன்னு பாக்க ஆசை. நூலகர் ஆதிமூலம் கம்ப்யூட்டர்ல என் பேரைத் தட்டினார். நா. கோகிலவாணின்னு ஆறு புத்தகம் வந்துச்சு! என்னோடது ஒண்ணு. அப்புறம் ஆடு வளர்ப்பு, பத்தாம் வகுப்புக் கணக்கு, குழந்தைப் பாட்டு. கடைசியா ரெண்டு துப்பறியும் நாவல். ஒண்ணு பேர் 'ஏழாவது ஊசி'.

"எல்லாம் நீங்கதானா மேடம்? எப்பதான் தூங்குவீங்க?"ன்னார்.

"ஆடு வளர்க்கறப்போ கணக்கு போடுவேன் சார்"னேன். சிரிச்சிக்கினே இருந்தார்.

கூட வந்த அங்கன்வாடி தைலம்மாள் அந்த நாவலை நான் எழுதினதுன்னே நம்பி எடுத்துக்கினு வந்துட்டா. இல்லன்னு சொன்னா, கூச்சப்படறேன்னு நெனைக்கறா. என் பேர்ல இத்தனை பேர் எழுதறாங்கன்னு நெனைச்சா பெருமையாத்தான் இருக்கு.

எல்லாரையும் கேட்டதாச் சொல்லுங்க.

உங்கள்
பாப்பா


நைனார்பாளையம்
4-7-2025

பாப்பாவுக்கு,

உன் கடிதம் கிடைச்சுது. அட்டை கடிச்ச இடத்துல சொறியாதே. நர்சுக்கே சொல்றேன்னு சிரிக்காதே.

இங்க எல்லாரும் சௌக்கியம். அத்தைக்கு முட்டி இப்போ தேவலை. உங்கண்ணன் மக்காச்சோளத்துக்கு உழவு ஓட்டி வெச்சிட்டு வானத்தையே பாத்துக்கினு இருக்கார். பாரதி பன்னெண்டாவது போயிட்டா. என்னைவிட ஒரு விரக்கடை ஒசரம். மரவள்ளிக்கு இந்த வருஷம் வெலை கம்மின்னு பேச்சு. பழைய புடவை நாலு எடுத்து வெச்சிருக்கேன், பிரசவத்துக்கு வர்றவங்களுக்கு ஆகும். யாராவது மலைக்கு வந்தா குடுத்தனுப்பறேன்.

அந்த ஏழாவது ஊசியைத் தைலம்மாள் முழுசாப் படிச்சாளா? பாதியில வெச்சிட்டாளா?

மழையில நனையாதே.

செல்வி அண்ணி


தாழம்பாறை
23-7-2025

அன்புள்ள அண்ணிக்கு,

சளி பிடிச்சிருக்கு, வேற குறை ஒண்ணுமில்ல. அங்க மழை வந்துச்சா? புடவை வந்து சேர்ந்துச்சு.

ஏழாவது ஊசியைக் கேட்டிருந்தீங்களே. ஊரே அதுக்கு அடிமை! தைலம்மாள் சாயங்காலம் அங்கன்வாடி வாசல்ல உக்காந்து சத்தமாப் படிக்கறா. வேலைக்குப் போயிட்டு வர்ற பொம்பளைங்க மூஞ்சி கூடக் கழுவாம வந்து உக்காந்துடறாங்க. கதை இதுதான்: மலையூர்ல ஒரு நர்ஸ். அவ ஊசி போட்ட குழந்தைங்க ஒண்ணு ஒண்ணாக் காய்ச்சல்ல விழுது. ஆறு ஆயிடுச்சு. ஏழாவது யாருன்னு ஊரே நடுங்குது.

எழுதினவங்க யாரோ தெரியல, ஆனா நல்லா எழுதியிருக்காங்க. ஒண்ணு மட்டும் ஆச்சரியம். அந்த நர்சோட தடுப்பூசிப் பெட்டிக்குத் தாழ்ப்பாள் ஒடைஞ்சு, செவப்பு ரிப்பன் போட்டுக் கட்டியிருக்காம். என் பெட்டி அப்படியே! ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி பொங்கலுக்கு வந்தப்போ உங்ககிட்ட சொல்லிச் சிரிச்சேனே, அதேதான். இங்க பொம்பளைங்க ரிப்பனைப் பாத்துட்டு என்னைப் பாத்துச் சிரிக்கறாங்க.

இந்தப் புதன்கிழமை ஊசிக்கு மூணு குழந்தை வரல. நடவு வேலையா இருக்கும்.

உங்கள்
பாப்பா


தாழம்பாறை
21-8-2025

அண்ணிக்கு,

நீங்க சௌக்கியம்தானே? ஒரு மாசமாப் பதில் இல்ல. நான் சௌக்கியம்னு எழுத மனசு வரல.

திருப்பித் தரவேண்டிய நாள் முடிஞ்சுதுன்னு தைலம்மாள் அந்தப் புத்தகத்தை நூலகத்துல திருப்பிக் குடுத்துட்டா. ஒன்பதாவது அத்தியாயத்தோட நின்னுபோச்சு. நர்ஸ் ஊசியை எடுத்துக்கினு ஏழாவது குழந்தை வூட்டுக் கதவைத் தட்டறா. அவ்வளவுதான் இவங்களுக்குத் தெரியும். அப்புறம் எடுக்கப் போனா, வேற யாரோ வாங்கிட்டுப் போயிட்டாங்களாம்.

போன புதன் நாலு குழந்தை வரல. நேத்து பதினொண்ணு வரல. பொன்னாயின்னு ஒருத்தி, செத்துப்போன தங்கச்சியோட புள்ளையை அவதான் வளக்கறா. வூட்டுக்கே போனேன். கதவைப் பாதி தொறந்துக்கினு கேக்கறா: "ஏம்மா, நீயே எழுதி வெச்சிக்கீற. ஏழாவது எங்க புள்ளையா?"

"அது நான் எழுதினது இல்ல பொன்னாயி."

"உன் பேரு போட்டுக்குதாமே. ரிப்பனும் உன்துதானே?"

நான் இன்னா சொல்றது? பத்து வருஷமா இந்த மலையில நடந்து நடந்து சம்பாதிச்ச நம்பிக்கை அண்ணி.

இன்னொண்ணு. யாரோ எழுதிப் போட்டு, மேலேருந்து மெமோ வந்திருக்கு. அரசு ஊழியர் அனுமதி இல்லாம நாவல் எழுதினது ஏன்னு விளக்கம் கேக்கறாங்க. மலைப் பிரசவங்களுக்கு அனுமதி வாங்கினேன். எழுதாத நாவலுக்கு எங்க போய் வாங்குவேன்?

அந்தப் பொம்பளை யாருன்னு பதிப்பகத்துக்கு எழுதிக் கேட்டு, பேரை மாத்திக்கச் சொல்லப் போறேன். நீங்க இன்னா சொல்றீங்க? உடனே எழுதுங்க.

பாப்பா


நைனார்பாளையம்
30-8-2025

பாப்பா,

உடம்பைப் பாத்துக்கோ. சாப்பிட்டியான்னு கேக்கக்கூட எனக்கு இப்போ தகுதி இருக்கான்னு தெரியல. இருந்தாலும் கேக்கறேன்.

பதிப்பகத்துக்கு எழுதாதே. அந்த நா. கோகிலவாணி நான்தான்.

எங்கப்பா பேர் நாகப்பன். கல்யாணத்துக்கு முன்னாடி எனக்கும் அதே எழுத்து, அதே பேர். உனக்கு ஞாபகம் இல்ல. இருபத்தோரு வருஷத்துக்கு முன்னாடி என்னைப் பொண்ணு பாக்க வந்தப்போ நீயும் வந்திருந்த. பதிமூணு வயசு, ரெட்டை ஜடை. பேர் கேட்டாங்க, சொன்னேன். நீ எழுந்து வெளிய ஓடின. "அது என் பேரு, அவங்க ஏன் வெச்சிக்கினாங்க"ன்னு ஒரே அழுகை. எல்லாரும் சிரிச்சாங்க. உங்கப்பா, "அழாதடா, வர்ற பொண்ணுக்கு நல்ல தமிழ்ப் பேரா வெச்சிடலாம்"னார். பத்திரிகையிலயே செந்தமிழ்ச்செல்வின்னு அடிச்சிட்டாங்க. என்னை ஒரு வார்த்தை கேக்கல. மாமா நல்ல மனுஷர். கேக்கணும்னே அவருக்குத் தோணல, அவ்வளவுதான்.

எங்கம்மா இருந்தவரைக்கும் "கோகிலா"ன்னு கூப்பிட ஒரு வாய் இருந்துச்சு. அப்புறம் ஆதார் கார்டுல மட்டும் இருந்துச்சு. பேங்குல பேர் சொல்லிக் கூப்பிட்டா, யாரையோன்னு நானே உக்காந்திருப்பேன்.

மத்தியானத்துல எழுத ஆரம்பிச்சேன். எல்லாரும் வயலுக்குப் போயிருக்கறப்போ. ரெண்டு நாவல், ஏழு வருஷம். பாரதி போன்ல அடிச்சுக் குடுப்பா. அவளுக்கு மட்டும் தெரியும். மெட்ராஸ்ல ஒருத்தர் போட்டார். பேர் இன்னா போடட்டும்னு கேட்டார். இருபது வருஷத்துல என்னை முதல்முறையா ஒருத்தர் அதைக் கேட்டார் பாப்பா. சொல்லிட்டேன்.

ரிப்பன் உன்கிட்டேருந்து எடுத்ததுதான். அது தப்பு. உன் வேலைக்கு இப்படி வந்து முடியும்னு நெனைக்கல. முதல் லெட்டர் வந்தப்பவே சொல்லியிருக்கணும். கதை பிடிச்சிருக்கான்னு தெரிஞ்சிக்கற ஆசையில வாயை மூடிக்கினேன்.

அண்ணி


தாழம்பாறை
19-9-2025

அண்ணிக்கு,

நலம். எல்லாரும் நலம்னு நம்பறேன்.

மூணு தடவை எழுதிக் கிழிச்சேன். நான் அழுததா எனக்கு ஞாபகமே இல்ல. போன வாரம் டவர் கிடைக்கறதுக்காக மலையைவிட்டுக் கீழ எறங்கினப்போ அம்மாவுக்குப் போன் போட்டுக் கேட்டேன். "ஆமா, தரையில பொரண்டு அழுத"ன்னாங்க. சாதாரணமாச் சொன்னாங்க. பதிமூணு வயசுல செஞ்சதுக்கு இன்னா பண்ண முடியும்னு முதல்ல கோவம்தான் வந்துச்சு. அப்புறம், இத்தனை வருஷத்துல உங்க பேர் இன்னான்னு ஒரு தடவைகூட நான் கேக்கலையேன்னு தோணுச்சு. அந்த எண்ணம் போக மாட்டேங்குது.

ஆனா அண்ணி, ஊசிக்கு இப்போ பாதிப் பேர்கூட வரல. ஒரு குழந்தைக்கு அம்மை வந்தா நான் எந்த மூஞ்சியை வெச்சிக்கினு நிப்பேன்? உங்களுக்குக் கதை. எனக்கு இது குழந்தைங்க.

மெமோவுக்குப் பதில் தரணும். நீங்கதான் எழுதினீங்கன்னு கையெழுத்துப் போட்டுத் தரணும். அண்ணனுக்குத் தெரியாம அது முடியாது. இனிமே வேற பேர்ல எழுதுங்கன்னும் கேக்கறேன். கேக்க எனக்கு உரிமை இருக்கான்னு தெரியல.

பாப்பா


நைனார்பாளையம்
1-10-2025

பாப்பா,

இந்தக் கடிதம் தெம்பா எழுதறேன். நீயும் தெம்பாப் படி.

விளக்கக் கடிதம் இதோட இருக்கு. கையெழுத்து, ஆதார் நகல், பதிப்பகத்துக் கடிதம், மூணும் வெச்சிருக்கேன்.

உங்கண்ணன்கிட்ட சொல்லிட்டேன். காலையில கம்பங்கூழ் குடிச்சிக்கினு இருந்தார். "நான் ரெண்டு புத்தகம் எழுதியிருக்கேன்"னேன்.

"இன்னா புத்தகம்? கோலமா?"

"கொலை."

சொம்பைக் கீழ வெச்சார். "யாரை?"

"முதல் புத்தகத்துல ஒரு ரைஸ்மில் ஓனரை."

துண்டால வாயைத் துடைச்சார். அப்புறம், "ஏழு வருஷமா? இந்த வூட்லயா? நான் எங்க இருந்தேன்?"னார். கோவமாக் கேக்கல. நெசமாவே தெரியாமக் கேட்டார். அத்தை பக்கத்துல காய் அரிஞ்சிக்கினு இருந்தாங்க. "ஊருக்குத் தெரிஞ்சா சிரிப்பாங்க"ன்னாங்க. "ஊர்தான் அத்தை காசு குடுத்து வாங்குது"ன்னேன். அடுத்த காயை எடுத்து அரிய ஆரம்பிச்சாங்க.

பேரை மாத்த மாட்டேன் பாப்பா. ஒரு தடவை மாத்தினேன், போதும். நீயும் மாத்த வேணாம். ஆடு வளர்க்கறவங்களும் கணக்குச் சொல்றவங்களும் அவங்கவங்க பேர்லயே எழுதட்டும். இனிமே அட்டையைத் தொறந்தா யார் எவருன்னு தெரியற மாதிரி ஒரு வரி போடச் சொல்லியிருக்கேன்.

ஆனா பாதிக் கதையை அவங்க கையில விட்டது என் கதைதான். மீதியை நானே வந்து படிக்கறேன். எட்டாம் தேதி புதன்கிழமை. ஊசி போடற நாள்தானே? வூட்டுக்கு வூடு சொல்லி வை, ஏழாவது ஊசி எழுதினவ வர்றான்னு.

கோகிலவாணி


தாழம்பாறை
12-10-2025

அன்புள்ள அண்ணனுக்கு,

பாப்பா. சௌக்கியம். மக்காச்சோளம் எப்படி இருக்கு? உனக்கு நான் எழுதற முதல் லெட்டர் இதுதான்னு நெனைக்கறேன். அண்ணி வந்து எல்லாத்தையும் சொல்லியிருக்க மாட்டாங்க, தன்னைப் பத்திப் பேச அவங்களுக்கு வராது. அதான் எழுதறேன்.

எட்டு மணி பஸ்ல வந்து எறங்கினாங்க. வழியெல்லாம் வாந்தி. மூஞ்சி வெளுத்துப் போச்சு. "ஒரு வாய் தண்ணி குடு, ஆரம்பிக்கலாம்"னாங்க. அங்கன்வாடி வாசல்ல முப்பது பொம்பளைங்க. யாரும் ஊசிக்கு வரல, கதைக்குத்தான் வந்திருந்தாங்க.

தைலம்மாள் எழுந்து, "ரெண்டு பேரும் கோகிலவாணியாம். இவங்கதான் கதை எழுதினவங்க"ன்னா. அண்ணி ஆதார் கார்டை எடுத்து, படிக்கத் தெரிஞ்சவங்க கையில குடுத்துச் சுத்தி வர வெச்சாங்க. அப்புறம் சொன்னாங்க: "ரிப்பனை இவகிட்டேருந்துதான் எடுத்தேன். கேக்காம எடுத்தேன். கதையில வர்ற மத்தது எல்லாம் என் கற்பனை. இவ கை பட்டு ஒரு குழந்தைக்கும் கெடுதல் வந்ததில்ல, அது உங்களுக்கே தெரியும்."

ஒன்பதாவதுலேருந்து படிச்சாங்க. ரெண்டரை மணி நேரம். போன்ல "ம், சரி" சொல்ற நம்ம அண்ணியா அதுன்னு நான் வாயைப் பொளந்துக்கினு நின்னேன். போலீஸ்காரன் பேசறப்போ குரலை மாத்தறாங்க! கெட்டுப்போன மருந்தை மாத்தி வெச்சது மருந்துக்கடைக்காரன், நர்ஸ் ஏழாவது வூட்டுக் கதவைத் தட்டினது குழந்தையைக் காப்பாத்தத்தான்னு தெரிஞ்சதும் ஒருத்தி, "அந்தக் கட்டைல போறவனா!"ன்னு கத்திட்டா. எல்லாரும் என்னைத் திரும்பிப் பாத்தாங்க. நான்தான் அவனைப் பிடிச்ச மாதிரி.

முடிச்சதும் அண்ணி புத்தகத்தை மூடிட்டு, "கதை முடிஞ்சுது. ஊசி போட்டுக்கினு போங்க"ன்னாங்க. பத்தொன்பது குழந்தைங்களுக்குப் போட்டேன் அண்ணா. பொன்னாயிதான் கடைசியா எழுந்தா. அண்ணிகிட்ட ஒண்ணு கேட்டா. அதை நான் இன்னொரு நாள் எழுதறேன்.

அண்ணியை நல்லாப் பாத்துக்கோ.

பாப்பா


நைனார்பாளையம்
24-10-2025

அன்புத் தங்கச்சிக்கு,

பகலவன் எழுதறேன். எல்லாரும் நல்லாருக்கோம். லெட்டர் எழுதி இருபது வருஷம் ஆவுது, கையெழுத்தைப் பாத்துச் சிரிக்காத.

ஏழாவது ஊசியை மோட்டார் கொட்டாயில வெச்சு மூணு நாள்ல படிச்சேன். ரெண்டு நாள் தண்ணி பாய்ச்சறது லேட்டாச்சு. அந்த மருந்துக்கடைக்காரன் மேல எனக்கு நாலாவது பாகத்துலயே சந்தேகம். உங்கண்ணிகிட்ட சொன்னேன். "முடிச்சப்புறம் எல்லாரும் அப்படித்தான் சொல்வாங்க"ன்னுட்டா.

அவளைப் பேர் சொல்லிக் கூப்பிடலாம்னு பாக்கறேன். வாயில வரல. உன்னைக் கூப்பிடற மாதிரி இருக்குமோன்னு நெனைச்சேன். யோசிச்சுப் பாத்தா உன்னையும் நாங்க யாரும் அப்படிக் கூப்பிட்டதே இல்ல. எப்பவும் பாப்பாதான். அப்போ அவகிட்டேருந்து வாங்கி அந்தப் பேரை நாம இன்னா பண்ணோம்? சும்மாவே வெச்சிருந்திருக்கோம்.

மெமோ இன்னாச்சு?

அண்ணன்


தாழம்பாறை
17-11-2025

அன்புள்ள கோகிலா அண்ணிக்கு,

நான் நல்லா இருக்கேன். உங்களுக்குத் தலைவலின்னு அம்மா போன்ல சொன்னாங்க, விட்டுதா? மெமோவை முடிச்சு வெச்சிட்டாங்க, விளக்கம் ஏத்துக்கிட்டதா காகிதம் வந்துச்சு. போன புதன் ஊசிக்கு ஒரு குழந்தைகூட பாக்கியில்ல.

பொன்னாயி உங்ககிட்ட கேட்டது எனக்குக் கேட்டுது. "உன் கதையில எல்லாரும் பொழைச்சிக்கினாங்க. பொழைக்காதவங்களை எழுத மாட்டியா?" நீங்க என்னைப் பாத்தீங்க. நான் பெட்டியைத் துடைக்கற மாதிரி குனிஞ்சிக்கினேன். ஏன்னு நீங்க கேக்கல. ஒரு மாசம் கழிச்சுச் சொல்றேன்.

அவ தங்கச்சி பேர் அமுதா. போன வருஷம் ஆவணி. காலையில வலி எடுத்துச்சு. ஓடையில வெள்ளம். டோலி கட்டி உடனே தூக்கிட்டுப் போலாம்னு ஆம்பளைங்க நின்னாங்க. ஒரு மணி நேரம் பாக்கலாம், தண்ணி வடியட்டும்னு நான்தான் சொன்னேன். குழந்தை பொறந்துச்சு. ரத்தம் நிக்கல. அப்புறம் தூக்கிட்டு ஓடினோம், அந்தத் தண்ணியிலயே. ரோடு கண்ணுக்குத் தெரியற எடத்துல என் கையைப் பிடிச்சிருந்தவ விட்டுட்டா. விசாரிச்சவங்க என் மேல தப்பில்லன்னாங்க. பொன்னாயியும் ஒரு வார்த்தை கேட்டதில்ல. அந்தக் குழந்தையைத்தான் ஊசிக்குத் தூக்கிக்கினு வர்றா.

மலைப் பிரசவங்கள்ல பன்னெண்டு பிரசவம் இருக்கு. பன்னெண்டும் நல்லபடியா முடிஞ்சது. அமுதாவோடதை எழுதினேன். யாரும் எடுக்கச் சொல்லல, நானே கிழிச்சேன். என் தைரியம் அவ்வளவுதான். உங்க கதையைக் குறை சொன்னேனே, என் நெசப் புத்தகத்துல எவ்வளவு மறைச்சிருக்கேன் பாருங்க.

நீங்க கதையா எழுதுங்க அண்ணி. என்னால முடியல. ஊர், பேர் எல்லாம் மாத்திக்கங்க. ரிப்பனைக்கூட எடுத்துக்கங்க.

பாப்பா


நைனார்பாளையம்
24-11-2025

என் அன்புப் பாப்பாவுக்கு,

தலைவலி போயிடுச்சு. உன் கடிதத்தைப் படிச்சிட்டு அடுப்பை அணைச்சிட்டு உக்காந்துட்டேன். இதைத் தனியா சுமந்துக்கினுதான் ஒவ்வொரு தடவையும் அந்தக் குழந்தைக்கு ஊசி போட்டியா?

நான் எழுத மாட்டேன். நல்லா வரும், எனக்குத் தெரியும். படிக்கறவங்க அழுவாங்க. ஆனா நான் எழுதினா ஊரை மாத்துவேன், பேரை மாத்துவேன், யாரோ எங்கயோ செத்த மாதிரி ஆயிடும். செத்தது அமுதா. பேரை மாத்தினா எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும்.

நீதான் எழுதணும். பதிமூணாவதா, அடுத்த பதிப்புல. அனுமதி கேக்கணும்னா கேளு. முதல்ல பொன்னாயிகிட்ட போய் உக்காரு. "உன் தங்கச்சி பேரைப் போட்டு எழுதட்டுமா"ன்னு கேளு. அந்த ஒரு மணி நேரத்தையும் அவகிட்ட சொல்லு. அவ சரின்னா எழுது. வேணாம்னா நாம ரெண்டு பேரும் சும்மா இருப்போம்.

சனிக்கிழமை முதல் பஸ்ஸுக்கு வரேன். உங்கண்ணன் பஸ் ஸ்டாண்டுல ஏத்தி விடறேன்னிருக்கார். எலுமிச்சம்பழம் எடுத்துக்கினு வரேன், வாந்திக்கு. பொன்னாயி சரின்னிருந்தா, நீ நோட்டையும் பேனாவையும் எடுத்து வை. நீ எழுது, நான் பக்கத்துல உக்காந்துக்கறேன். எங்க கை நிக்குதோ, அங்க நான் அடுத்த கேள்வியைக் கேக்கறேன்.

கோகிலவாணி